ஓரம் வெட்டிய ஸ்டேக்

பிச்சையம்மாள் மாடு தின்றவள் என்று, தோட்டத்து ஆட்கள் குடியிருக்கிற எங்கள் லயத்தில் இன்றைக்கும் ஒரு பேச்சு உண்டு. ஆமாம், தின்றாள். நான் இல்லையென்று சொல்லவில்லை. எப்போது தின்றாள், எதற்குத் தின்றாள் என்று கேட்டால் மட்டும் ஒருத்தருக்கும் தெரியாது. ஊர் வாயை மூட உலைமூடியா இருக்கிறது? அன்றைக்குப் பங்களாக் குசினி வாசலில் நின்றவன் நான் ஒருவன்தான். என் பெயர் பக்கிரிசாமி. துரை பங்களாவில் செடி கொடி பார்க்கிற வேலை. எனக்குத் தெரிந்ததைச் சொல்லிவிடுகிறேன், அப்புறம் அவரவர் இஷ்டம்.

எங்கள் ரப்பர்த் தோட்டம் புக்கிட் செலம்பாவிலிருந்து உள்ளே தள்ளி இருந்தது. பிச்சையம்மாள் பங்களாவுக்குக் கோக்கி. சமையல் செய்கிறவர்களை அப்படித்தான் சொல்வோம். பெண்பிள்ளை கோக்கி அந்த வட்டாரத்திலேயே வேறு கிடையாது. முதலில் ஒரு ஹைலாம் சீனருக்குக் கூடமாட வேலை செய்யத்தான் போனாள். அந்த மனுஷன் நெஞ்சுவலியில் போய்ச் சேர்ந்ததும், புது ஆள் வரும் வரைக்கும் என்று கரண்டியைப் பிடித்தாள். புது ஆள் வரவே இல்லை.

வெள்ளைக்காரத் துரைக்குச் சனிக்கிழமை தவறாமல் ஸ்டேக் வேண்டும். பினாங்கிலிருந்து ஐஸ் பெட்டியில் மாட்டுக்கறி வந்து சுங்கைப் பட்டாணி ஸ்டேஷனில் இறங்கும். அதைத் தோட்டத்துக்குக் கொண்டுவருவது பிச்சையம்மாளின் புருஷன் பரஞ்சோதி அண்ணன். எதில் கொண்டுவருவார்? மாட்டு வண்டியில்தான். செவலையும் மயிலையும் இழுக்கிற வண்டி. "மாடே மாட்டுக்கறிய இழுத்துக்கிட்டு வருதுடா, கலி முத்திருச்சு" என்று லயமே சிரிக்கும். அவர் சிரிக்க மாட்டார். பெட்டியின் மேல் ஈரச் சாக்கைப் போட்டு, மாடுகளுக்கு வாடை தெரியாதபடி வண்டியின் பின்கோடியில் தள்ளி வைப்பார்.

பிச்சையம்மாள் கோக்கி வேலைக்குப் போன முதல் நாளே அவர் அவளிடம் ஒரு வாக்கு வாங்கிக்கொண்டார். "சமைச்சுக்க புள்ள, வயித்துப்பாடு. ஆனா நாக்குல மட்டும் வெச்சிராத." செவலையின் நெற்றியில் கையை வைத்து அவள் சத்தியம் செய்தாள். பன்னிரண்டு வருஷம் அதைக் காப்பாற்றினாள். பங்களாவிலிருந்து வந்ததும் குழாயடியில் தலையோடு குளித்துவிட்டுத்தான் வீட்டுப் படியேறுவாள். பிள்ளை குட்டி இல்லாத வீடு. மாட்டுப் பொங்கலுக்கு இரண்டு மாட்டின் கொம்புக்கும் மஞ்சள் பூசுவது அவள் கைதான்.

வாயில் வைக்காமல் எப்படிச் சமைத்தாள் என்று கேட்பீர்கள். காது, மூக்கு, விரல். அவ்வளவுதான் அவளுக்கு. கறியைத் துணியால் ஒற்றி ஈரம் எடுப்பாள். உப்பும் மிளகும் தேய்ப்பாள். கனத்த இரும்புச் சட்டி புகை விடும்வரை காயும். கறி விழுந்ததும் சுள்ளென்று கத்த வேண்டும், அந்தச் சத்தம் தணிகிறபோது திருப்ப வேண்டும். அப்புறம் பட்டரும் நசுக்கிய பூண்டும், என் தொட்டியிலிருந்து ஒரு கொத்து ரோஸ்மேரியும் போடுவாள். துரைசாணி சீமையிலிருந்து கொண்டுவந்த செடி அது. நாங்கள் துரைசாணித் துளசி என்போம். சட்டியை ஒரு பக்கம் சாய்த்து, உருகிய பட்டரை மொண்டு மொண்டு கறியின் மேல் ஊற்றுவாள். கடைசியில் விரலால் ஒரு அழுத்து. தன் கட்டைவிரலின் அடிச்சதை எவ்வளவு இளகுகிறதோ அவ்வளவு கறியும் இளகினால் இறக்கிவிடுவாள். அந்த வாசனைக்கு, கறியே தொடாத எனக்கும் நாக்கில் எச்சில் ஊறும். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன்.

பிறகு சப்பான்காரன் வந்தான். துரை ஓடினார், துரைசாணி அதற்கு முன்பே கப்பல் ஏறியிருந்தார். பங்களாவில் ஒரு கேப்டன் குடியேறினான். புல்தரை முழுக்கக் கொத்தி மரவள்ளி போடச் சொன்னான். பூச்செடி ஒன்று இருக்கக் கூடாது என்று உத்தரவு. நான் அந்த ரோஸ்மேரித் தொட்டியை மட்டும் தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் ஒளித்து வைத்தேன். எதற்கு ஒளித்தேன் என்று கேட்டால் எனக்கே தெரியாது.

அவன் வந்த இரண்டாம் வருஷம் சயாமில் ரயில் பாதை போட ஆள் பிடித்தார்கள். முதல் லோரியில் எங்கள் தோட்டத்திலிருந்து பதினெட்டுப் பேர் போனார்கள். ஒருவன் மட்டும் தப்பித் திரும்பினான். காலில் எலும்பு தெரிந்தது. நாலாம் நாள் அவனும் செத்தான். அடுத்த பட்டியலைத் தோட்டத்துக் கணக்கு வழக்குப் பார்க்கிற கிராணி சீனிவாசகம் எழுதினார். அதில் பரஞ்சோதி அண்ணன் பெயர் இருந்தது. என் பெயர் இல்லை. மரவள்ளி பார்க்க ஆள் வேண்டுமே. அன்றைக்கு எனக்குச் சந்தோஷமாக இருந்தது. இப்போது நினைத்தால் என் மேலேயே காறித் துப்பத் தோன்றுகிறது.

அந்த வியாழக்கிழமை கிராணி குசினி வாசலுக்கு வந்தார்.

"பிச்சை, சனிக்கிழமை மத்தியானம் கேப்டனோட பெரிய அதிகாரி அலோர் ஸ்டாரிலேருந்து வர்றாரு. கப்பல்ல நாலு தேசம் போனவராம். வெள்ளைக்காரன் திங்கிற ஸ்டேக்தான் வேணுமாம். நீ செய்வேன்னு சொல்லிட்டேன்."

அவள் கையைத் துடைத்துக்கொண்டு கேட்டாள். "செய்யிறேங்கய்யா. எங்க வீட்டு ஆளு பேரு..."

"அதுக்குத்தான்லா வந்தேன். அவங்க ருசிச்சுச் சாப்பிட்டாங்கன்னா, அந்த நேரம் பாத்து நானே கேட்டு உம் புருஷன் பேரை அடிச்சிடுறேன். இல்லேன்னா திங்கக்கிழமை லோரி. அப்புறம் என்னைக் குத்தம் சொல்லாத."

அவள் முகத்தில் சிரிப்பு வந்ததை நான் பார்த்தேன். வராதா பின்னே? நூற்றுக்கணக்கில் செய்து கைபழகின பதார்த்தம். தூக்கத்தில் எழுப்பிச் செய்யச் சொன்னாலும் செய்வாள். "பூண்டு மட்டும் எங்கேயாச்சும் பாரு தம்பி" என்றாள் என்னிடம். நான் சிடாம் கிரி வரைக்கும் நடந்து, தெரிந்த சீனர் ஒருவரிடம் இரண்டு கோழிமுட்டையைக் கொடுத்து ஆறு பல் பூண்டு வாங்கிவந்தேன். பட்டருக்குப் பதில் தேங்காய் எண்ணெய் என்று முடிவாயிற்று. கறி எங்கிருந்து வரும் என்று நாங்கள் இரண்டு பேருமே யோசிக்கவில்லை. முட்டாள்கள். ஐஸ் பெட்டி எங்கே, ரயில் எங்கே?

சனிக்கிழமை காலையில் சிப்பாய்கள் மாட்டுக் கொட்டகைக்குப் போனார்கள். எதைக் கொடுக்கிறாய் என்று பரஞ்சோதி அண்ணனையே காட்டச் சொன்னார்கள். அவர் இரண்டு மாட்டின் கழுத்தையும் தடவிவிட்டுச் செவலையைக் காட்டினார். வயதானது அதுதான். பதினாலு வருஷம் வண்டி இழுத்த மாடு. தும்பை அவிழ்த்து அவரே ஸ்டோருக்குப் பின்னால் நடத்திக்கொண்டு போனார். அது எப்போதும்போல அவர் தோளை முகர்ந்துகொண்டே போயிற்று.

கறி குசினிக்கு வந்தபோது சூடு ஆறவில்லை. யாருடைய கறி என்று தெரிந்ததும் பிச்சையம்மாள் சுவரோடு சரிந்து உட்கார்ந்துவிட்டாள். "என்னால முடியாது பக்கிரி. நான் மஞ்சள் பூசின மாடு." பின்வாசலில் அண்ணன் வந்து நின்றார். உள்ளே வரவில்லை. கையில் வெறும் தும்புக் கயிறு.

"சமை புள்ள" என்றார். "அது போயிருச்சு. நானாச்சும் இருக்கணும்ல?"

அவள் எழுந்தாள். கண்ணைத் துடைத்தாள், கறியை ஒற்றினாள், உப்பு தேய்த்தாள். சட்டி புகைந்தது, கறி கத்தியது. பூண்டு வாசனை கிளம்பியது. நான் ஒளித்து வைத்த ரோஸ்மேரியில் பாதியை வெட்டிக் கொடுத்தேன். தேங்காய் எண்ணெயாக இருந்தாலும் நிறம் குறைவில்லாமல் வந்தது. கடைசியில் விரலால் அழுத்தினாள். ஒரு கணம் கையை எடுத்துவிட்டு மறுபடி அழுத்தினாள்.

"என்னமோ வெறைப்பா இருக்கே பக்கிரி. விரல எதிர்த்துத் தள்ளுது."

"காலையில வெட்டுன கறிதானேக்கா, அப்படித்தான் இருக்கும். ஐஸ்ல கிடந்து வந்ததைவிடப் புதுசு நல்லாத்தானே இருக்கும்?"

சொன்னது நான்தான். கீரை புதுசு, மீன் புதுசு, அதனால் கறியும் புதுசாக இருந்தால் நல்லது என்று நினைத்த புத்திசாலி. ஐஸில் நாலு நாள் கிடந்துதான் அந்தக் கறி பதமாகும் என்றோ, உழைத்த மாட்டுச் சதை நெருப்பில் இறுகும் என்றோ எங்களில் யாருக்குத் தெரியும்? தின்றவனுக்கல்லவா தெரியும்! அவள் தலையை ஆட்டிவிட்டுத் தட்டில் எடுத்து வைத்தாள்.

தட்டு உள்ளே போனபோது கேப்டன் மூக்கை உறிஞ்சிச் சிரித்தான். நான் ஜன்னலோரம் மரவள்ளிக்கு மண் அணைக்கிற பாவனையில் நின்றேன். விருந்தாளி கத்தியை வைத்து அறுத்தான். அறுத்துக்கொண்டே இருந்தான். ஒரு துண்டை வாயில் போட்டு மென்றான். கேப்டன் அவன் வாயையே பார்த்தான், கிராணி பார்த்தார், நான் பார்த்தேன். கடைசியில் அந்த ஆள் அதைக் கையில் துப்பித் தட்டில் வைத்துவிட்டுச் சிரித்தான். "கெராஸ்" என்றான் மலாயில். கெட்டி என்று அர்த்தம். கேப்டன் சிரிக்கவில்லை. எழுந்து வந்து கிராணியைக் கன்னத்தில் அறைந்தான், ஒன்றல்ல, மூன்று.

தட்டு அப்படியே குசினிக்குத் திரும்பி வந்தது. பிச்சையம்மாள் அதைப் பார்த்துக்கொண்டே நின்றாள். நிறத்தில் குறையில்லை, வாசனையில் குறையில்லை. அவளுக்குப் புரியவே இல்லை. பிறகு ஒரு ஓரத்தை வெட்டி எடுத்தாள். நான் "அக்கா, வேணாம்க்கா" என்றேன். அவள் வாயில் போட்டாள்.

மென்றாள். மென்றுகொண்டே இருந்தாள். கண்ணீர் தாடையில் இறங்கியது, தாடை நிற்கவில்லை. விழுங்க முடியாமல் விழுங்கினாள்.

"வறுத்திருக்கவே கூடாது பக்கிரி. மூணு மணி நேரம் கொதிக்க விட்டிருக்கணும். ஒரு தடவை வாயில வெச்சிருந்தாப் போதும், இது வேற கறின்னு தெரிஞ்சிருக்கும். பன்னெண்டு வருசத்துல ஒரே ஒரு தடவை."

கிராணியின் காலில் விழுந்து கெஞ்சினாள். ஈரத்துணியைக் கன்னத்தில் வைத்துக்கொண்டு, "உன்னால வாங்குன அறை இது. இனி அவன்கிட்ட போய் நிக்க நான் என்ன பைத்தியமா?" என்றார் அவர். பாவி மனுஷன். ஆனால் அந்த இடத்தில் நான் இருந்தாலும் போயிருக்க மாட்டேன். அதையும் சொல்லிவிடுகிறேன்.

திங்கட்கிழமை காலையில் லோரி வந்தது. பரஞ்சோதி அண்ணன் ஒரு மூட்டையோடு ஏறினார். அவள் பக்கப் பலகையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். இரண்டு நாளாக வாய்க்குள் வைத்திருந்ததை அப்போதுதான் சொன்னாள்.

"ஏங்க, நான் வாக்கு தவறிட்டேன். அதை வாயில வெச்சுட்டேன்."

அவர் அவளைப் பார்த்தார். திட்டுவார் என்று நான் நினைத்தேன்.

"கெட்டியா இருந்துச்சா?"

அவள் தலையை ஆட்டினாள்.

"இருக்கும் புள்ள. பதினாலு வருசம் இழுத்த ஒடம்புல்ல. காட்டும்போதே எனக்கு அந்த நெனப்பு வந்துச்சு. உங்கைப் பக்குவத்துக்கு எதுவும் மெத்துன்னு வந்துரும்னு நெனச்சுட்டேன்."

லோரி கிளம்பிவிட்டது. அதன் பிறகு அவரைப் பற்றி ஒரு தகவலும் இல்லை. எந்த முகாம், எந்தக் காய்ச்சல், எங்கே புதைத்தார்கள், ஒன்றும் தெரியாது. சண்டை முடிந்து சயாமிலிருந்து திரும்பிய மிச்சம் மீதிப் பேரை அவள் ஒவ்வொருவராகப் போய்க் கேட்டுப் பார்த்தாள். பிறகு கேட்பதை விட்டுவிட்டாள். தாலியை மட்டும் கழற்றவில்லை.

சண்டைக்கு அப்புறம் புதுத் துரை வந்தார், ஐஸ் பெட்டியும் வந்தது. சனிக்கிழமை ஸ்டேக் மறுபடி ஆரம்பித்தது. சட்டி அதுதான், மீதி வைத்திருந்த அந்த ரோஸ்மேரிதான். ஆனால் தட்டு போகும்போது கறியில் ஒரு ஓரம் இருக்காது. அவள் வெட்டி, குசினியில் நின்று, மென்று, விழுங்கிவிட்டுத்தான் அனுப்புவாள். துரை கிராணியைக் கூப்பிட்டுக் கேட்டார். கிராணி வந்து அவளிடம் குதித்தார், துரை தட்டில் கோக்கி கை வைப்பதா என்று.

"மெல்ல முடியுதான்னு பாக்காம எங்கையால ஒரு தட்டு வெளிய போவாது. துரைகிட்ட சொல்லுங்க. பிடிக்கலேன்னா வேற ஆளைப் பாத்துக்கட்டும்."

கிராணி அவள் முகத்தை நேராகப் பார்க்காமல் திரும்பிப் போனார். துரையும் அப்புறம் கேட்கவில்லை. இதுதான் லயத்தில் பேசுகிற பேச்சு. மாடு தின்றவளாம்!

சண்டைக் காலத்தில் விட்டுப்போன மாட்டுப் பொங்கலை அந்த வருஷம்தான் மறுபடி வைத்தோம். மயிலையைக் குளிப்பாட்டிக் குழாயடிக்குப் பக்கத்தில் கட்டியிருந்தோம். ஜோடி இல்லாததால் வண்டி கட்டுவது நின்று வெகுகாலம் ஆகியிருந்தது. பிச்சையம்மாள் தலைக்குக் குளித்துவிட்டு, மஞ்சளைக் குழைத்து ஒரு கொட்டாங்கச்சியில் கொண்டுவந்தாள். மாட்டிலிருந்து பத்தடி தள்ளி நின்று அதை என்னிடம் நீட்டினாள்.

"நீ பூசு தம்பி. எங்கை வேணாம்."

நான்தான் பூசினேன். முடிகிறவரைக்கும் அவள் அங்கேயே நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.