பூட்டை உடைத்தவரின் மகள்

ஆவணப்படக்காரர்களான எங்களுக்கு ஏழ்மை என்றால் ஒரே நிறம்தான், சாயம்போன பழுப்பு. பதினைந்து வருடமாக நானும் அந்தக் கும்பலில் ஒருத்தி.

யுத்த காலத்தில் ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்று பயந்து, மயிலாப்பூரின் பெரிய வீட்டுக்காரர்கள் பட்டணத்தைக் காலி செய்துகொண்டு ஓடினார்கள். ஓடியவர்களின் கதையை எத்தனையோ பேர் சொல்லியாயிற்று. காவலுக்கு விடப்பட்டவர்களை யாரும் கேட்கவில்லையே என்று நான் படம் எடுக்கக் கிளம்பினேன். கேட்கும்போதே எவ்வளவு யோக்கியமாக இருக்கிறது பாருங்கள்.

எனக்குக் கிடைத்தவர் ஒரு காவல்காரரின் மகள். எண்பத்தைந்தைத் தாண்டியவர். அவருடைய அடையாற்றங்கரைக் குடிசையை சர்க்காரில் பிய்த்துப் போட்டு, ஊருக்கு வெளியே ஏதோ நாலாவது மாடியில் ஏற்றி வைத்திருந்தார்கள். ஓடிய எஜமானர் சாப்பாட்டுக்கு வழி சொல்லாமலே போயிருக்கிறார். பிள்ளைகளின் பசி பொறுக்காமல் இவர் அப்பா சாமான் அறைப் பூட்டை உடைத்து, அரிசி எடுத்துப் பொங்கிப் போட்டார். திரும்பிவந்த எஜமானர் திருடன் என்று போலீசில் பிடித்துக் கொடுத்தார். ஜெயிலுக்குப் போன மனிதர் திரும்பவே இல்லை. மகளுக்கு அப்போது ஐந்து வயது. அப்பா திருடன் இல்லை என்று ஊரறியச் சொல்ல வேண்டும், அதற்காகத்தான் கேமரா முன்னால் உட்காரச் சம்மதித்தார்.

அந்த வீடு இருந்த இடத்தில் இப்போது ஃபிளாட். அதன் வாசலிலேயே எடுப்பதாக ஏற்பாடு. இரண்டு பஸ் மாறி வந்து இறங்கினார். தி. நகரில் வாங்கியதாம், கருநீலப் பட்டு, தலையில் பூ. எனக்கு முகம் சுண்டிவிட்டது. கல்யாணத்துக்கு வந்தவர் மாதிரி இருந்தால் யார் இரக்கப்படுவார்கள்? முன்ஜாக்கிரதையாக, வீட்டில் கரித்துணிக்கென்று ஒதுக்கிய நூல்புடவை ஒன்றைப் பையில் போட்டு எடுத்துவந்திருந்தேன். பட்டு கேமராவுக்கு ஒத்துவராது என்று வாய்கூசாமல் பொய் சொல்லி அதை நீட்டினேன். புளித்த வாடை அடித்தது. அவர் அதை வாங்கிக்கொண்டார். பிறகு வாட்ச்மேன் அறைக்குள் போய் அதைக் கட்டிக்கொண்டு வந்தார்.

கேமரா ஓடியது. அப்பாவுக்கு என்ன ஆயிற்று என்று குரலைக் குழைத்துக்கொண்டு கேட்டேன்.

“அரிசி திருடினாருன்னே போட்டுக்கோமா,” என்றார். “இந்தத் துணியச் சுத்திக்கினு குந்திக்கினு எங்க நைனா திருடலன்னு நான் சொன்னா, எவன் நம்புவான்?”

கேமராவை நிறுத்தச் சொன்னேனா? இல்லை. ஓடட்டும் என்று கண்ஜாடை காட்டினேன். சீ! அவர் எழுந்துபோய்ப் பட்டைக் கட்டிக்கொண்டு, கரித்துணியை மடித்து என் கையில் கொடுத்துவிட்டு, பஸ்ஸுக்கு நடந்தார்.

படத்தில் அந்த இடத்துக்குத்தான் கைதட்டல். அப்பா திருடன் இல்லை என்று சொல்ல வந்தவர், திருடினார் என்று ஊர் ஊராகத் திரையில் சொல்லிக்கொண்டிருக்கிறார். விளக்கைப் போட்டதும் நான் எழுந்து கும்பிடுகிறேன்.