குறட்டை வழக்கு

அந்தச் சலவைக்கூடத்தில் இஸ்திரி போடுகிறவர்களில் மூத்தவளை எல்லோரும் 'கேட்டாச்சா அக்கா' என்றுதான் கூப்பிட்டார்கள். யாராவது யாரைப் பற்றியாவது புகார் சொன்னால், "அவங்களக் கேட்டாச்சா?" என்பாள். வீட்டிலும் அதே சட்டம்தான். பிள்ளைகள் அடித்துக்கொண்டு ஓடிவந்தால், ஒருவன் பேசும்போது மற்றவன் வாயைப் பொத்திக்கொண்டு நிற்க வேண்டும். பிறகு முறை மாறும். இரண்டாமவன் பேசி முடிப்பதற்குள் முதலாமவன் சண்டையையே மறந்து விளையாடப் போயிருப்பான்.

அதனால்தான் விசாரணைக் குழுவுக்குத் தொழிலாளர்கள் அவளைத் தேர்ந்தெடுத்தார்கள். போதாத காலம், முதல் வழக்கே அவள் நாத்தனாருடையது.

நாத்தனார் அதே கூடத்தில் ஆஸ்பத்திரி விரிப்புகளை மடிக்கிறவள். மதியம் விரிப்புக் குவியலுக்குப் பின்னால் படுத்துத் தூங்கினாள், குறட்டைச் சத்தம் கேட்டது என்று மேற்பார்வையாளர் புகார் கொடுத்திருந்தார். கம்பெனி பஸ்ஸில் அவள் விடும் குறட்டை ஊரறிந்தது என்பதால் யாரும் சந்தேகப்படவில்லை. வேலைநீக்க உத்தரவும் தயார். குழுவில் இருந்த மேனேஜர், மேற்பார்வையாளர், அக்கா மூவரும் கையெழுத்துப் போட்டால் முடிந்தது.

அண்ணிக்கும் நாத்தனாருக்கும் கொஞ்ச காலமாகவே பேச்சுவார்த்தை கிடையாது. எதிரே வந்தால் ஒருத்தி சுவரைப் பார்ப்பாள், இன்னொருத்தி செருப்பைப் பார்ப்பாள்.

"என் தங்கச்சிம்மா. பார்த்து செய்" என்றார் கணவர், சாயங்காலம் தானாகவே பாத்திரம் கழுவிக்கொண்டு.

மறுநாள் மேற்பார்வையாளர் அருகில் வந்து குரலைத் தாழ்த்தினார். "உங்களுக்கும் அவளுக்கும் ஆகாதாமே. நல்லதாப் போச்சு."

அக்கா நேரே மேனேஜர் அறைக்குப் போனாள். மேற்பார்வையாளரும் பின்னாலேயே வந்தார்.

"நான் இந்த விசாரணைல உட்கார முடியாது சார். விட்டுட்டா சொந்தம்பாங்க, தண்டிச்சா பகைம்பாங்க. ரெண்டுல எதனால செஞ்சேன்னு எனக்கே தெரியாது."

"அப்ப நாங்க ரெண்டு பேரும் பார்த்துக்கிறோம்" என்றார் மேற்பார்வையாளர்.

"நீங்களும் எழுந்துக்கணும் சார். புகார் சொன்னவரே தீர்ப்பும் சொன்னா எப்படி? அதோட, அவள இன்னும் யாரும் ஒரு வார்த்தை கேட்கல."

மேற்பார்வையாளர் முகம் இஞ்சி தின்ற குரங்கு போல ஆனது. மேனேஜர் சற்று யோசித்துவிட்டு உத்தரவை மேஜைக்குள் போட்டார். என்ன புகார் என்று நாத்தனாருக்கு எழுதிக் கொடுத்தார்கள். பதில் யோசிக்க அவகாசமும் கொடுத்தார்கள். காலியான இரண்டு நாற்காலிகளில் பாய்லர்காரரும் கணக்கு பார்க்கும் அம்மாவும் உட்கார்ந்தார்கள்.

விசாரணை, இயந்திரங்களை ஒட்டிய பலகைத் தடுப்பு அறையில் நடந்தது. அக்கா வெளியே இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். உள்ளே நடந்ததைப் பிறகு அவளுக்குப் பாய்லர்காரர்தான் சொன்னார்.

"நான் தூங்கல சார். உட்கார்ந்து விரிப்புல கறை இருக்கான்னு பார்த்துட்டிருந்தேன்."

"அப்ப குறட்டை?" என்றார் மேனேஜர்.

"அது நானில்ல சார்."

கணக்கு அம்மா சிரிப்பை அடக்க உதட்டைக் கடித்துக்கொண்டார். அந்த நேரம் பார்த்துத் தடுப்புக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒரு குறட்டை கிளம்பியது. நீளமாக, முடிவில் ஒரு விசிலோடு. அத்தனை பேரும் நாத்தனாரின் வாயைப் பார்த்தார்கள். அது மூடியிருந்தது.

கதவு திறந்து எல்லோரும் வரிசையாக வெளியே வருவதை அக்கா பார்த்தாள். மேனேஜர் துணி உலர்த்தும் இயந்திரத்தில் காதை வைத்தார். "பேரிங் தேஞ்சிருக்கு சார்" என்றார் பாய்லர்காரர். "துணி காய்ஞ்சு பாரம் குறையும்போது இப்படித்தான் கத்தும்."

சாட்சி சொல்ல வந்திருந்த மேற்பார்வையாளர் விடவில்லை. "பின்ன ஏன் என்னைப் பார்த்ததும் திடுக்குன்னு எழுந்த?"

"பின்னால வந்து அந்தக் கத்து கத்தினா யாரு சார் எழ மாட்டாங்க?"

வழக்கு தள்ளுபடியானது. நிம்மதியில் நாத்தனாருக்கு நாக்கு நிற்கவில்லை. "அன்னைக்கு சத்தியமா தூங்கல சார். போன வாரம்தான் கொஞ்சம் தூங்கிட்டேன்."

அக்கா தலையணை உறைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டாள்.

"அது இந்தப் புகார்ல இல்லம்மா" என்றார் பாய்லர்காரர். "பேசாம வேலைக்குப் போ."

மேனேஜரும் சிரித்துவிட்டார்.

மாலை பஸ்ஸில் நாத்தனார் வந்து அண்ணிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். மெல்லக் கேட்டாள்: "நீங்க உள்ள இருந்திருந்தா என்ன செஞ்சிருப்பீங்க அண்ணி?"

"இந்த பஸ்ல உன் குறட்டைய நான் எத்தன நாள் கேட்டிருக்கேன். கண்ண மூடிக்கிட்டுக் கையெழுத்துப் போட்டிருப்பேன்."

நாத்தனார் முறைத்தாள். பிறகு இருவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. இறங்கும் இடம் தாண்டிப்போய், அடுத்த நிறுத்தத்திலிருந்து பேசிக்கொண்டே திரும்பி நடந்தார்கள்.