நாலு வரியில் ஒன்று

என் வீட்டுக்காரருக்குப் பக்கவாதம் வந்து வலது கையும் பேச்சும் போயின. கள்ளக்குறிச்சியில் கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை வைத்திருந்தவர். கல்வராயன் மலைப் பள்ளிக்கூடங்கள் வரை பைக்கில் போய்ச் சரிசெய்துவிட்டு வருவார். ஓயாத வாய். "கொஞ்ச நேரம் வாய மூடிக்கினு இருங்களேன்" என்று எத்தனை தடவை எரிந்து விழுந்திருப்பேன்! பாவி நான்.

கல்யாணமான புதிதில், கடையில் வேலையில்லாத நேரமெல்லாம் பழைய கம்ப்யூட்டர் சாகச விளையாட்டுகளில் கிடப்பார். சுட வேண்டாம், ஓட வேண்டாம். படத்தில் இருக்கும் கதவையோ ஆளையோ அம்புக்குறியால் தொட்டால் போதும். இப்போது அதற்கு இடது கை ஒன்றே போதுமே என்று, அதே விளையாட்டுகள் இருக்கும் கையடக்க மெஷின் ஒன்றை ஆன்லைனில் வாங்கினேன். ஆளைத் தொட்டால் கீழே நாலு வரி வரும். எதைப் பேசலாம் என்று நாம்தான் தேர்ந்தெடுக்க வேண்டும். எல்லாம் இங்கிலீஷ். நான் நம்ம பேச்சில் சத்தமாகப் படிப்பேன்: "ஏம்பா, அந்தச் சாவிய எங்க வெச்சிக்கினு இருக்க?" கூடவே ஒரு வார்த்தையாவது சொல்லிவிட மாட்டாரா என்ற நப்பாசை. ஆறு மாதம் படித்தேன். ஒரு 'ம்' கூட வரவில்லை. "அவருக்கு எல்லாம் புரியுதும்மா, பேச்சு திரும்புறது கஷ்டம்" என்று டாக்டர் சொல்லிவிட்டார். அன்று பஸ் ஸ்டாண்டில் நின்று வெட்கமில்லாமல் அழுதேன்.

அப்புறம் நானே ஒரு யோசனை செய்தேன். ஒரு அட்டையில் அதே மாதிரி நாலு வரி எழுதினேன். தண்ணி வேணும். வலிக்குது. திருப்பிப் படுக்க வை. ஃபேன் போடு.

"இன்னா வேணும்ங்க? தொட்டுக் காட்டுங்க."

அட்டையைத் தள்ளிவிட்டார். மெஷினை எடுத்து, படத்திலிருந்த கடைக்காரக் கிழவனைத் தொட்டார். நாலு வரி வந்தது. இந்த விளையாட்டுகளில் யாரிடம் பேசினாலும் கடைசி வரி பெரும்பாலும் ஒன்றுதான்: 'சரி, நான் கிளம்புகிறேன்.' பேச்சை முடித்துக்கொள்ள அது. அம்புக்குறியை அதில் கொண்டுபோய் நிறுத்தினார். அழுத்தவில்லை. திரையை என் பக்கம் திருப்பி, என் முகத்தையே பார்த்தார்.

அந்த வரியை மட்டும் நான் சத்தமாகப் படிக்கவில்லை.

"எழுத்து ரொம்பப் பொடிசா இருக்குதுங்க. ஒண்ணும் தெரில" என்றேன்.

மெஷினை என் கண்ணுக்கு இன்னும் கிட்டே கொண்டுவந்து பிடித்தார்.