கேமராவைப் பார்த்து ஒரு சிரிப்பு

சினிமாவில் எனக்குக் கிடைத்த முதல் வேடம் பிணம். உதவி இயக்குநர் என்ற பெயரில் கிளாப் அடித்து, டீ வாங்கி, கூடவே திட்டும் வாங்கிக்கொண்டிருந்த காலம். திருமுக்கூடல் ஆற்று மணலில் படப்பிடிப்பு. பிணமாகப் படுக்க வேண்டியவன் மெட்ராஸிலிருந்து வந்து சேரவில்லை. "நீ படுடா" என்றார் இயக்குநர். நடிக்கத்தானே வந்தேன்? படுத்தேன்.

போதாத காலம், உத்திரமேரூரிலிருந்து பஸ் ஏறி அம்மா அன்றைக்குத்தான் படப்பிடிப்பு பார்க்க வந்தாள். வந்தவள் கண்ணில் பட்டது பாடை. மாலை, தாடைக் கட்டு, நெற்றியில் காசு. போன வருஷம் ஏரியில் மூழ்கிய என் அண்ணனையும் இப்படித்தான் கிடத்தியிருந்தார்கள். "கட்" சொன்னதும் எழுந்து அம்மாவிடம் ஓடினேன். மாலையைப் பிய்த்து எறிந்துவிட்டு என் முகத்தைத் தடவித் தடவிப் பார்த்தாள்.

"இன்னாடா வேஷம் இது? ஒருத்தன வாரிக் குடுத்தது பத்தாதா எனக்கு?"

மேக்கப்காரர் அவளைத் தேற்றினார். "அழாதம்மா. பொணமா படுத்தவன் எழுந்து கேமராவப் பாத்து சிரிச்சிட்டா தோஷம் போயிடும். எங்க வழக்கம் அது."

அம்மா அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டாள். சிரிக்கவைத்துப் படம் பிடிக்காமல் நகரமாட்டேன் என்றாள். கேமராவில் ஃபிலிம் தீர்ந்திருந்தது. மிச்சமிருந்த சுருள் கதாநாயகியின் பாட்டுக்காம். என் உயிருக்கென்று ஒரு துண்டு ஃபிலிம் கொடுக்க இயக்குநர் மகானுக்கு மனசு வரவில்லை. "வெறும் கேமராவ ஓட்டுங்க, கிழவி போகட்டும்" என்று கேமராமேனின் காதில் சொன்னார். பக்கத்தில் நின்ற எனக்கும் கேட்டது. பற்றிக்கொண்டு வந்தது. ஆனால் அம்மா பார்த்துக்கொண்டிருக்கிறாளே! பல்லைக் காட்டினேன்.

"நல்லா சிரி நைனா" என்றாள்.

இன்னும் நன்றாகச் சிரித்தேன். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு பஸ் ஏறினாள்.

படம் உத்திரமேரூர் டென்ட் கொட்டகைக்கு வந்தபோது அம்மாவுக்கு வயிற்றில் கட்டி. உடம்பு பாதியாகியிருந்தது. பார்த்தே தீரவேண்டும் என்றாள், கைத்தாங்கலாகக் கூட்டிப்போனேன். பாடை வந்தபோது கண்ணை மூடிக்கொண்டாள். அப்புறம் கடைசி வரைக்கும் இமைக்காமல் பார்த்தாள். 'வணக்கம்' போட்டு, விளக்கு எரிந்து, சனங்கள் மணலைத் தட்டிக்கொண்டு கிளம்பியும் எழுந்திருக்கவில்லை.

"நீ சிரிச்சது எங்கடா?"

"அதப் படத்துல காட்டமாட்டாங்கம்மா. தனியா எடுத்து வெச்சிருப்பாங்க."

வெறும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அப்ப தெனமும் ரெண்டு ஆட்டம், ஊரு ஊரா நீ பொணமாவே கெடக்குறியா நைனா?"