ரங்கூன் கல்லறையில் நான் பெருக்கித் தள்ளிய பதினோரு கற்கள்

போன ஜனவரி மூன்றாவது வாரம், நான்கு நாள் யாங்கோன் போய்வந்தேன். எங்கள் வீட்டில் அதற்கு இன்னும் ரங்கூன் என்றுதான் பெயர். அப்பா அங்கே பிறந்து, பத்தொன்பது வயதில் கப்பலேறி வந்து வியாசர்பாடியில் இறங்கியவர். சாகிற வரைக்கும் "அங்க" என்று அவர் சொன்னால் அது ரங்கூன்தான். "இங்க" என்றால் கொசு, தண்ணீர் லாரி, நாங்கள்.

நான் லிஃப்ட் மெக்கானிக். பத்தாம் வகுப்பை இரண்டு தவணையில் முடித்தவன். அடுத்தவர்களை மேலேயும் கீழேயும் அனுப்பியே முப்பது வருடம் ஓடிவிட்டது, நான் எங்கும் போனதில்லை. எப்போதாவது ரங்கூன் பார்க்க வேண்டும் என்று சொல்லிக்கொண்டே இருந்தேன். ஆனால் கிளப்பிவிட்டது என் மகள் ஸ்டெல்லாதான்.

ஸ்டெல்லா இஸ்ரேலில் ஹைஃபா என்ற ஊரில், வயதான ஒரு யூத அம்மாவை வீட்டோடு இருந்து கவனித்துக்கொள்கிறாள். அந்த அம்மா பெயர் ஃப்ளோரா, வயது தொண்ணூறு. பிறந்த இடம் ரங்கூன்! இதை ஸ்டெல்லா போனில் சொன்னபோது, ஏதோ பக்கத்துத் தெரு சொந்தம் கிடைத்த மாதிரி எனக்கு ஒரே குதூகலம்.

ஃப்ளோரா அம்மாவின் தாத்தா பாக்தாத்திலிருந்து கல்கத்தா வழியாக ரங்கூனுக்கு வியாபாரத்துக்கு வந்தவராம். அப்படி வந்த யூதர்கள் ஒரு காலத்தில் ஆயிரக்கணக்கில் இருந்திருக்கிறார்கள். ஃப்ளோராவுக்கு ஐந்து வயதில் அவருடைய தாய் ஹபீபா இறந்துபோனார். இரண்டு வருடத்தில் ஜப்பான்காரன் குண்டு போட்டான். அப்பாவும் மகளும், நம் ஆட்கள் கும்பல் கும்பலாக நடந்த அதே காட்டு வழியில், இந்தியாவுக்கு நடந்தே வந்தார்கள். "மூன்று மாதத்தில் திரும்பிவிடலாம்" என்று சொல்லித்தான் அப்பா அவரைத் தோளில் தூக்கினாராம். திரும்பவே இல்லை. கல்கத்தாவில் சில வருடம், பிறகு ஹைஃபா.

ஸ்டெல்லா சொன்னாள். "வாரத்துக்கு ஒரு தடவ சொல்றாங்கப்பா, அம்மாவ அங்க தனியா விட்டுட்டு வந்துட்டோம்னு. அந்தக் கல்லறத் தோட்டத்தையே எடுத்துடப் போறதா முன்னாடி யாரோ சொல்லியிருக்காங்க. இருக்கா இல்லையான்னு மட்டும் தெரிஞ்சா போதுமாம். அடுத்த மாசம் இடுப்பு ஆபரேஷன். அதுக்கு முன்னாடி நீங்க ஒரு எட்டு பாத்துட்டு வரக்கூடாதா?"

ஒரு எட்டு என்றால் சென்னை-பாங்காக்-யாங்கோன். போக வர டிக்கெட் 31,400 ரூபாய், இணைய விசா ஐம்பது டாலர். வேலை செய்யும் இடத்தில் விடுப்பு கேட்டபோது மேனேஜர் "எதுக்கு?" என்றார். "கல்லறை பாக்க" என்றேன். யாரோ செத்துவிட்டார்கள் என்று நினைத்து உடனே கொடுத்துவிட்டார். நானும் திருத்தவில்லை.

அப்பாவிடமிருந்து எனக்கு வந்த பர்மியச் சொத்து மொத்தமே "சா பீபீலா" என்ற இரண்டு சொல்தான். சாப்பிட்டாச்சா என்று அர்த்தம். விமான நிலையத்தில் பாஸ்போர்ட் முத்திரை குத்திய அதிகாரியிடம் அதைக் கேட்டேன். அவர் நிமிர்ந்து பார்த்தார், சிரித்தார், ஏதோ நீளமாகப் பதில் சொன்னார். என் பர்மிய மொழி அத்துடன் தீர்ந்தது. டவுனுக்கு 16 கிலோமீட்டர், டாக்ஸி அவர்கள் பணத்தில் 30,000 சாட், ஐம்பது நிமிடம். சூலே பகோடாவுக்குப் பக்கத்தில் சின்ன ஹோட்டல். மின்சாரம் வரும், போகும். நல்லவேளை ஹோட்டலில் லிஃப்ட் இல்லை, இருந்தால் எனக்குக் கை பரபரத்திருக்கும்.

வியாழக்கிழமை காலை ஒன்பதரைக்கு 26ஆம் தெருவில் இருக்கும் யூதர்களின் ஜெபக்கூடத்துக்குப் போனேன். இரண்டு பக்கமும் பெயின்ட் கடை, கயிற்றுக் கடை. முஸ்லிம்கள் நிறைய இருக்கும் தெரு, வாசலுக்கு எதிரே லுங்கி கட்டிய பெரியவர்கள் டீ குடித்துக்கொண்டிருந்தார்கள். உள்ளே போனால் சத்தமே இல்லை. உயரமான கூரை, வரிசை வரிசையாக மர இருக்கைகள், உட்கார ஆளில்லை. இப்போது ஊரில் சில குடும்பங்கள்தான் மிச்சம் என்றார் அங்கிருந்தவர். இந்தத் தெருப் பக்கம் ஒரு யூதர் கடையில் சோடா குடித்ததை அப்பா சொல்லியிருக்கிறார், கோலியை உள்ளே தள்ளும்போது கடைக்காரர் கண்ணடிப்பாராம். அப்பா கப்பலேறிய அதே வருடங்களில்தான் மிச்சமிருந்த யூதர்களும் ஒவ்வொருவராகக் கடையைப் பூட்டியிருக்கிறார்கள். அந்த சோடாக்காரர் எந்த ஊருக்குப் போனாரோ. வெளியே வந்து தெருவை இரண்டு தடவை நடந்தேன். சோடாக் கடை இல்லை. இருக்காது என்று தெரிந்துதான் தேடினேன்.

கல்லறைத் தோட்டம் மிங்கலா தாங்ஞுன்ட் பகுதியில் 91ஆம் தெருவில் இருக்கிறது. அங்கிருந்து நான்கு கிலோமீட்டர், டாக்ஸி 8,000 சாட். டிரைவர் என் முகத்தைப் பார்த்துவிட்டு, நான் எவ்வளவு சொல்லியும் கேட்காமல், முதலில் ஒரு மாரியம்மன் கோயில் வாசலில் கொண்டுபோய் இறக்கினார். நான் கிறிஸ்தவன் என்று கையால் சிலுவை போட்டுக் காட்டினேன். உடனே ஒரு சர்ச்சுக்கு விட்டார். பதினொரு மணிக்குத்தான் சரியான கேட்டுக்கு வந்து சேர்ந்தோம்.

கேட்டைத் திறந்தவர் ஒரு தமிழ் அம்மா. பெயர் பவானி, ஐம்பது ஐம்பத்தைந்து வயது இருக்கும். கன்னத்தில் பர்மியப் பெண்கள் பூசும் தனக்கா என்ற மரப்பட்டைச் சாந்து, தலையில் துண்டு, கையில் அரிவாள். கல்லறைகளைப் பார்த்துக்கொள்வது அவர் வேலை.

"சா பீபீலா?" என்றேன்.

"சாப்ட்டாச்சு. தமிழ்லயே கேளுங்கண்ணே, காது நோவுது."

ஹபீபா பெயரைச் சொன்னேன். பக்கத்துத் தெரு வீட்டுக்குக் கூட்டிப்போகிற மாதிரி நேராகக் கொண்டுபோய் நிறுத்தினார். கிழக்கு மதில் ஓரம் நீளமாகப் படுத்த கல், பாசி பிடித்த எபிரேய எழுத்து, கீழே ஆங்கிலத்தில் HABIBA. கடைசி இரண்டு எழுத்து பாதி தேய்ந்திருந்தது. இருக்கிறது. தோட்டம் இருக்கிறது, கல் இருக்கிறது.

"நீங்க பாருங்க, நான் லாப்பெயே போட்டாறேன்" என்று டீ போடப் போய்விட்டார் பவானி.

இங்கேதான் என் திறமை ஆரம்பித்தது. நவம்பர் இரண்டாம் தேதி கல்லறைத் திருநாளுக்கு, காசிமேட்டில் எங்கள் குடும்பக் கல்லறையைப் பளபளவென்று ஆக்குவதில் என்னை அடிக்க ஆளில்லை. போட்டோவுக்கு முன்னால் ஒரு சுத்தம் பண்ணிவிடலாம் என்று மதிலோரம் சாத்தியிருந்த துடைப்பத்தை எடுத்தேன். இலை, சருகு, கல்மேல் கிடந்த பொடிக் கற்கள், எல்லாவற்றையும் ஒரே வீச்சில் பெருக்கி ஓரத்துக் குப்பைக் குவியலில் தள்ளினேன். தண்ணீர் ஊற்றித் தேய்த்தேன். வரும் வழியில் வாங்கிய செவ்வந்தி மாலையைப் போட்டேன். சென்னையிலிருந்து கொண்டுவந்த மெழுகுவத்தி இரண்டை ஏற்றினேன். இஸ்ரேலே அசந்துபோகும் என்று நினைத்துக்கொண்டு, பன்னிரண்டு பத்துக்கு வீடியோ கால் போட்டேன். அங்கே காலை ஏழு நாற்பது.

திரையில் ஸ்டெல்லா, பக்கத்தில் வெள்ளைத் தலை, பெரிய கண்ணாடி. ஃப்ளோரா அம்மா எழுத்தை வலமிருந்து இடமாக விரலால் தடவித் தடவி வாசித்தார். பாதியில் மதிலுக்கு வெளியே ரயில் ஊதியது. அவர் வாசிப்பதை நிறுத்திவிட்டு ஸ்டெல்லாவின் கையைப் பிடித்துக்கொண்டார்.

"இந்த ரயில் சத்தம் ஞாபகம் இருக்காம்பா. அடக்கம் பண்ண அன்னைக்கும் ஊதுச்சாம்."

அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு கல்லை உற்றுப் பார்த்தார், ஏதோ கேட்டார்.

"அப்பா, கல்லறை மேல சின்னச் சின்னக் கல்லு ஏதாவது இருந்துச்சா?"

"இருந்துச்சும்மா, ஒரே குப்பை. எல்லாத்தையும் பெருக்கித் தள்ளிட்டேன்ல!"

ஸ்டெல்லாவின் முகத்தை நான் மறக்க மாட்டேன். பத்தாம் வகுப்பு ரிசல்ட்டைப் பார்த்தபோது என் அப்பாவின் முகம் அப்படித்தான் இருந்தது.

"அப்பா... இவங்க பூ வைக்க மாட்டாங்க. பாக்க வர்றவங்க ஆளுக்கு ஒரு கல்லு வெச்சிட்டுப் போவாங்க. நாங்க வந்தோம்னு அர்த்தம். யாரோ வந்திருக்காங்க! மாமா பசங்க யாராவது உயிரோட இருக்காங்களோன்னு கேக்கறாங்க. எத்தனை கல்லுப்பா இருந்துச்சு?"

எத்தனை கல்? குப்பையை எண்ணியா பெருக்குவார்கள்? திரையில் அந்த அம்மா கண்ணாடியைக் கழற்றி, துடைத்து, மறுபடி போட்டுக்கொண்டு காத்திருந்தார். ஆமாம், சொந்தக்காரர்கள்தான் வந்தார்கள் என்று சொல்லிவிடலாமா என்று வாய்வரை வந்துவிட்டது. ஆபரேஷனுக்குப் போகிற மனுஷி, சந்தோஷமாகப் போகட்டுமே.

அதற்குள் டீயோடு வந்த பவானி, பளிச்சென்ற கல்லறையைப் பார்த்து அப்படியே நின்றார்.

"அய்ய, என் கல்லெல்லாம் எங்க?"

"உங்க கல்லா?"

"பின்ன யாரது? அண்ணே, சுத்திப் பாருங்க, கண்ணு இல்லியா?"

அப்போதுதான் சுற்றிப் பார்த்தேன். எல்லாக் கல்லறை மேலும், ஓரமாக, வரிசை பிடித்தாற்போல் சின்னச் சின்னக் கற்கள்! வந்ததிலிருந்து ஹபீபாவை மட்டுமே பார்த்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

பவானி என் கையிலிருந்து போனை வாங்கி, திரைக்கு ரொம்பப் பக்கத்தில் முகத்தை வைத்துக்கொண்டு பேசினார். "மழ நின்னா புல்லு இடுப்பு மட்டும் வந்துரும்மா. எத வெட்டினோம், எத விட்டோம்னு எனக்குக் கொழம்பிப்போவும். வெளிநாட்டுக்காரங்க வந்து பாத்து முடிச்சா ஒரு கல்லு வெக்கிறதக் கண்டேன். சரி, முடிஞ்சதுக்கு அடையாளம் போலன்னு நானும் ஒண்ணொண்ணும் வெட்டிக் கழுவி முடிச்சா ஒரு கல்லு வெப்பேன். நான் வந்து பதினோரு மழ ஆச்சு. உங்கம்மா மேல பதினோரு கல்லு. சொந்தக்காரங்கன்னு யாரும் வரல, நான் பொய் சொல்லக்கூடாது."

ஸ்டெல்லா மொழிபெயர்த்தாள். போனை நான் திரும்ப வாங்கிக்கொண்டேன். பிறகு ஃப்ளோரா அம்மா மெதுவாகப் பேசினார்.

"சரியாத்தான் வெச்சிருக்காங்களாம்பா. அர்த்தம் அதுவேதானாம். பதினோரு தடவ அம்மாவப் பாக்க ஆள் வந்திருக்கு, நான்தான் ஒரு தடவகூட வரலைன்னு சொல்றாங்க. கல்ல எல்லாம் திருப்பி வெக்கச் சொல்றாங்க. பன்னிரண்டாவதா அவங்க பேருக்கு ஒண்ணு."

ஐம்பத்தாறு வயதில் மண்டிபோட்டுக் குப்பைக் குவியலைக் கிளறினேன். நான் எடுத்துக் காட்டியதில் பாதியை பவானி தள்ளிவிட்டார். "இது என்து இல்ல. இது செங்கல்லு. அண்ணே, அது கோழி எலும்பு." முக்கால் மணி நேரத்தில் பதினொன்றும் தேறின. பன்னிரண்டாவதை நான் தேடி எடுத்தேன், வெள்ளையாக, புளியங்கொட்டை அளவில். வைக்கும்போது திரையில் ஃப்ளோரா அம்மாவின் உதடு அசைந்தது. மெழுகுவத்தியும் மாலையும் இருக்கட்டும், பாவம், பாசமாகத்தான் செய்திருக்கிறார் என்று என் கருணை மனு ஏற்கப்பட்டது.

கடைசியாக ஒன்று கேட்டார். அந்தப் பதினொன்றில் ஒன்றைத் தனக்கு அனுப்ப முடியுமா? தனக்கு நேரம் வரும்போது தன் கல்மேல் வைக்க.

"அதெப்படி? எனக்குக் கணக்குக் கொறையும்" என்றார் பவானி. ஆனால் கேட் பக்கத்து அறைக்குப் போய், கழுவிய கற்கள் நிறைந்த ஒரு பிஸ்கட் டின்னைக் கொண்டுவந்தார். அடுத்த மழைக்கு எடுத்து வைத்தவை. கிளறிக் கிளறி ஒன்றை எடுத்து, முந்தானையில் துடைத்து என் கையில் வைத்தார். "இது உங்கம்மாவுக்குன்னு வெச்சிருந்ததுன்னு சொல்லுங்க. நான் வேற எடுத்துக்கறேன். யாபாதே." பரவாயில்லை என்று அர்த்தம். அப்பாவும் எதற்கெடுத்தாலும் சொல்லுவார், இவ்வளவு நாள் அது ஏதோ திட்டு என்று நினைத்திருந்தேன்.

போக நினைப்பவர்களுக்குச் சில விஷயங்கள். நாட்டு நிலைமை அடிக்கடி மாறுகிறது, டிக்கெட் போடுமுன் விசாரியுங்கள். குளிர்காலம்தான் தோது. கீறல், மடிப்பு இல்லாத டாலர் நோட்டு கொண்டுபோங்கள். 26ஆம் தெருவில் முதலில் சொல்லிவிட்டு 91ஆம் தெருவுக்குப் போனால் கேட் திறப்பது சுலபம். சனிக்கிழமை அவர்களுக்கு ஓய்வு நாள், தொந்தரவு செய்யாதீர்கள். டிரைவரிடம் முகவரியை பர்மிய எழுத்தில் காட்டுங்கள், சிலுவை போடாதீர்கள். பூ வேண்டாம். துடைப்பத்தைத் தொடவே தொடாதீர்கள்.

ஆபரேஷன் நல்லபடி முடிந்து ஃப்ளோரா அம்மா இப்போது வாக்கர் பிடித்து நடக்கிறார். ஸ்டெல்லா மே மாதம் லீவில் வந்து கல்லை வாங்கிப் போவாள். அதுவரை டிவி பக்கத்தில், அப்பா போட்டோவுக்கு முன்னால் வைத்திருக்கிறேன். போன வாரம் வேலைவிட்டு வந்தால் அது அங்கே இல்லை. என் மனைவி சாந்தி அன்றைக்குத்தான் வீடு முழுக்கப் பெருக்கியிருந்தாள். எனக்கு உயிரே போய்விட்டது.

"கத்தாதீங்க" என்றாள் சாந்தி. "தூசி படிஞ்சிருந்துச்சு, கழுவிக் காயப் போட்டிருக்கேன்." மொட்டைமாடியில் கொடிக்குக் கீழே, ஒரு எவர்சில்வர் தட்டின் நடுவில், தனியாக வெயில் காய்ந்துகொண்டிருந்தது.