கட்டிய வீடும் கட்டிய காசும்

மனேச்சரின் வலது உள்ளங்கை இன்னும் என் கண்ணுக்குள் நிற்கிறது. வெள்ளையான, மெத்தென்ற கை. மோதிரவிரலில் நீலக்கல் மோதிரம். வீட்டுக் கடன் கேட்டு யாராவது வந்தால், நான் தட்டச்சுச் செய்து கொடுத்த தவணை அட்டவணையை மேசையில் விரிப்பார். விரித்த உடனே அந்தக் கை தாளின்மேல் வந்து படுத்துக்கொள்ளும். மாதம் கட்ட வேண்டிய தொகை மட்டும் வெளியே தெரியும். அதில் வட்டிக்குப் போவது எவ்வளவு, முதல்தொகையில் கழிவது எவ்வளவு, இன்னும் மிச்சம் எவ்வளவு என்ற மூன்று வரிசைகளும் கைக்கு அடியில் கிடக்கும். கை தற்செயலாக அங்கே கிடக்கிறது என்றுதான் முதல் மாதம் நினைத்தேன். இரண்டாம் மாதம் அவரே சொல்லித் தந்தார்.

"தம்பி, மாதக் காசை மட்டும் சொல்லும். கேட்டால் மட்டும் மிச்சத்தைச் சொல்லும். கேட்க மாட்டினம்."

எண்பத்து மூன்றின் தொடக்கத்தில், யாழ்ப்பாணப் பட்டினத்தில் இருந்த அந்த வங்கிக் கிளையின் கடன் பகுதியில் எழுதுவினைஞனாகச் சேர்ந்தேன். சண்டிலிப்பாயிலிருந்து சைக்கிளில் போய் வருவேன். மனேச்சர் உடுவில்காரர். நெற்றியில் மூன்று குறி திருநீறு, முழுக்கைச் சேட்டு, வெள்ளிக்கிழமைகளில் மீன், இறைச்சி என்று மச்சம் இல்லை. கடன் கேட்டு வருபவர்களுக்குப் பிளேன்ரீ எடுப்பித்துக் கொடுப்பார். இதனால் அவரை ஊரில் தங்கமான மனிசன் என்றார்கள். ஒரு கோப்பைத் தேநீருக்கு இருபது வருஷத்தை எழுதி வாங்கிய மனிசன் என்று ஒருவரும் சொன்னதில்லை. அவருடைய சொந்த வீடு உத்தியோகத்தர்களுக்கான சலுகை வட்டியில் கட்டியது. அந்தக் கடனையும் அவர் ஐந்தே வருஷத்தில் அடைத்துவிட்டார். கடனில் நீண்ட நாள் கிடப்பது எவ்வளவு மோசம் என்று அந்தக் கட்டடத்துக்குள் எல்லோரையும்விட நன்றாகத் தெரிந்தவர் அவர்தான்.

நான் சேர்ந்த சில வாரங்களில் மயிலிட்டியிலிருந்து ஒரு சம்மாட்டியாரும் மனைவியும் வந்தார்கள். சம்மாட்டி என்றால் படகும் வலையும் சொந்தமாக வைத்து, ஆட்களுக்கு வேலை கொடுத்துத் தொழில் செய்பவர். இவருக்கு மூன்று இயந்திரப் படகுகள் இருந்தன. பரந்த தோள், குறைந்த பேச்சு. கடற்கரைக்குப் பக்கத்தில் கல்வீடு கட்ட ஒரு லட்சம் ரூபா கேட்டார். காணியும் கட்டப்போகும் வீடும் ஈடு. ஆண்டுக்குப் பதினாலு வீத வட்டி, இருபது வருஷத் தவணை.

"மாதம் ஆயிரத்து இருநூறுச் சொச்சம்," என்றார் மனேச்சர். "உமக்கு அது ஒரு நாள் மீன்பாடு."

சம்மாட்டியாருக்கு மனேச்சரைவிடப் பத்து வயது கூட இருக்கும். 'நீங்கள்' என்று சொல்ல மனேச்சரின் வாய் வளையவில்லை. சம்மாட்டியார் தலையை ஆட்டினார். அவருடைய மனைவிதான் கதிரையில் முன்னுக்கு நகர்ந்து கேட்டார்.

"எல்லாமா எவ்வளவு கட்டி முடிப்பம், ஐயா?"

கை தாளின்மேல் இன்னும் கொஞ்சம் பரந்தது.

"இருபது வருஷத்துக்குப் பிறகு ஆர் இருப்பினமோ ஆர் இல்லையோ, பிள்ளை. வீடு இருக்கும். உதுகளைப் போட்டு ஏன் மண்டையை உடைக்கிறீர்?"

எல்லாமாக இரண்டு லட்சத்துத் தொண்ணூற்றெட்டாயிரம். அந்தத் தொகையைத் தட்டச்சுச் செய்தவன் நான். முதல் மாதத் தவணையில் ஆயிரத்து நூற்று அறுபத்தாறு ரூபா வட்டிக்குப் போகும்; கடனில் கழிவது எழுபத்தேழு ரூபாகூட இல்லை. அதுவும் அந்தத் தாளில் இருந்தது. அவர்கள் கையெழுத்து வைத்துவிட்டுப் படியிறங்கியதும் மனேச்சர் பியோனைக் கூப்பிட்டு, அவர்கள் இருந்த இரண்டு கதிரைகளையும் ஈரத்துணியால் துடைக்கச் சொன்னார். அந்தக் கதிரைகளில் இருந்தவர்களின் காசு மட்டும் அவருக்கு மணக்கவில்லை.

வீடு எழும்பியது. புதுவீட்டுக் குடிபூரலுக்கு எங்களையும் அழைத்தார்கள். மனேச்சர் வந்தார், வாசலில் நின்று வாழ்த்தினார், வயிறு சரியில்லை என்று சொல்லித் தண்ணீர்கூடக் குடிக்காமல் திரும்பினார். நான் இருந்து சாப்பிட்டேன். நல்ல வீடு அது. வடக்குப் பக்க யன்னலைத் திறந்தால் கடல். சம்மாட்டியாரின் மனைவி என்னை அறை அறையாகக் கூட்டிக்கொண்டு போய்க் காட்டினார். அன்றிலிருந்து அவர் எனக்கு அக்கா.

முதல் வருஷம் முடிகிற நேரம் நல்ல மீன்பாடு. ஒரு திங்கட்கிழமை சம்மாட்டியார் துணிப்பையில் இருபதாயிரம் ரூபாவோடு தனியே வந்தார்.

"ஐயா, கையிலை கொஞ்சம் கிடக்கு. கடனிலை கட்டிவிடுவம்."

கடன் இளசாக இருக்கும்போது முதல்தொகையில் விழுகிற காசுக்கு இருக்கும் பலம் பின்னால் விழுகிற காசுக்கு இல்லை. அன்று அந்த இருபதாயிரத்தைக் கட்டியிருந்தால், அதே மாதத் தவணையில் கடன் ஒன்பது வருஷம் முன்னதாக முடிந்திருக்கும். மனேச்சருக்கு இது தெரியும். முந்தின வாரம் வேறொருவரின் கணக்கைப் போட்டுப் பார்த்திருந்தபடியால் எனக்கும் தெரியும். ஆனால் அந்த வருஷம் தலைமையகம் வைப்புப் பணம் சேர்க்கச் சொல்லி எல்லாக் கிளைகளையும் நெருக்கிக்கொண்டிருந்தது.

"கடன் அது பாட்டுக்குப் போகட்டும்," என்றார் மனேச்சர். "உதைச் சேமிப்பிலை போடும். அவசரத்துக்கு உதவும், வட்டியும் வரும். படிச்சவன் சொல்லுறன்."

சம்மாட்டியார் என்னைப் பார்த்தார். என் வேலை இன்னும் நிரந்தரமாகவில்லை. அதற்கான சிபார்சுக் கடிதம் மனேச்சரின் மேசை லாச்சிக்குள் கையெழுத்துக்காகக் கிடந்தது. நான் சேமிப்புப் படிவத்தை எடுத்து நிரப்பத் தொடங்கினேன். அந்த வருஷம் எங்கள் கிளைக்குப் பாராட்டுக் கிடைத்தது. மனேச்சருக்கு மாலை போட்டார்கள். போட்டவர்களில் நானும் ஒருவன்.

கொஞ்சக் காலத்தில் கடல் மூடிக்கொண்டது. நேவியின் தடை, மீறிப் போனவர்களில் சிலர் திரும்பி வரவில்லை. மூன்று படகுகளும் கரையில் ஏறின. சேமிப்பில் கிடந்த இருபதாயிரம் அரிசியாகவும் பிள்ளைகளின் பள்ளிக் கொப்பியாகவும் போய் முடிந்தது. அதன் பிறகு ஒவ்வொரு மாதமும் அக்காதான் பஸ்ஸில் வந்தார். முதலில் ஒரு படகை விற்றார்கள். பிறகு காப்பு, பிறகு சங்கிலி. கடைசியில் தாலிக்கொடியிலும் கை வைத்தார்கள். பத்து நாள் பிந்தினால் தாமதக் கட்டணம். எண்பத்தேழில் சண்டை நடந்து, பட்டினம் பூட்டிக்கிடந்த வாரங்களுக்கும் தாமதக் கட்டணம் போடச் சொன்னார் மனேச்சர். "பாங்கு திறந்து கிடந்தால் கட்டியிருப்பம்தானே, ஐயா?" என்று அக்கா கேட்டார். "சட்டத்திலை அப்பிடி இல்லை," என்றார் மனேச்சர். சட்டத்தில் எப்படி இருந்தது என்று அவரும் பார்க்கவில்லை, நானும் பார்க்கவில்லை.

அக்கா ஒரு தவணையையும் விடவில்லை. ஏழு வருஷம்.

தொண்ணூறு ஆனியில் இராணுவம் முன்னேற, மயிலிட்டி ஒரே நாளில் இடம்பெயர்ந்தது. உடுத்த உடுப்போடு சனம் தெற்கே நடந்து வந்தது. சம்மாட்டியார் குடும்பம் எங்கள் சண்டிலிப்பாயில் ஒருவருடைய புகையிலைத் தோட்டத்து மூலையில் கிடுகுக் கொட்டில் போட்டு இருந்தது. மூன்று படகு வைத்திருந்தவர் கூலிக்கு மிளகாய்ப் பாத்திகளில் தண்ணீர் மாறப் போனார். அவர்களுடைய வீடு இராணுவத்தின் பக்கம் போய்விட்டது. கூரை போய்விட்டதாக ஒருவர் சொன்னார். வீட்டை இடித்துக் காவலரண் கட்டியதாக இன்னொருவர் சொன்னார். போய்ப் பார்க்க வழியில்லை.

இரண்டு மாதம் கழித்து அக்கா வங்கிக்கு வந்தார். பிந்திய தவணைகளைக் கேட்டு மனேச்சர் அனுப்பிய கடிதம் கையில் இருந்தது. அதைத் தட்டச்சுச் செய்தவனும் நான்தான்.

"தம்பி, ஏழு வருஷம் கட்டியிருக்கிறம். அரைவாசியாவது முடிஞ்சிருக்கும் என்ன? மிச்சத்துக்கு ஏதேனும் வழி பாப்பம்."

அப்போதுதான், என் வேலை நிரந்தரமாகி ஆறு வருஷம் கழிந்தபின், எனக்குத் துணிவு வந்தது. அட்டவணையை எடுத்து, எதையும் மறைக்காமல் அவருக்கு முன்னால் வைத்தேன். வாங்கியது ஒரு லட்சம். தாமதக் கட்டணத்தைச் சேர்க்காமல் கட்டியது ஒரு லட்சத்து நாலாயிரத்துச் சொச்சம். இன்னும் நிற்கிற கடன் எண்பத்தொன்பதாயிரம். அக்கா ஒவ்வொரு வரியாக விரலால் தொட்டுக்கொண்டு போனார். எண்பத்துநாலாவது வரியில் விரல் நின்றது. பிறகு சிரித்தார். சந்தோஷமோ துக்கமோ இல்லாத, உதட்டுக்கு வெளியே வராத ஒரு சிரிப்பு.

"அப்ப பத்தாயிரத்து எண்ணூறுதான் கழிஞ்சிருக்கு. கக்கூசும் கிணத்துக்கட்டும் கட்டின காசு. அது ரெண்டும்தான் எங்கடை. மிச்ச வீடெல்லாம் பாங்கின்ரை, அப்பிடித்தானே?"

அவர் எழுந்து நேரே மனேச்சரின் அறைக்குள் போனார். கதவு திறந்தே இருந்தது.

"ஐயா, ஷெல் விழுந்தது உங்கடை வீட்டிலை. ஆமி இருக்கிறதும் உங்கடை வீட்டிலை. எங்கடை கக்கூசை நாங்கள் வந்து பாப்பம். உங்கடை வீட்டை நீங்கள் போய் அவையிட்டைக் கேளுங்கோ."

மனேச்சர் நிமிரவில்லை. "வீடு இருந்தாலும் இல்லாட்டாலும் கடன் கடன்தான்," என்றார். பதின்மூன்று வருஷம் இன்னும் கிடக்கிறது என்பதையும் சேர்த்துச் சொன்னார். முன்பு கேட்டபோது சொல்லாத கணக்கு இப்போது அவருடைய வாயில் எவ்வளவு சுத்தமாக வந்தது! அக்கா அந்தக் கடிதத்தை நாலாக மடித்து அவருடைய மேசையில் வைத்துவிட்டுப் போனார். அதற்குப் பிறகு அவர் ஒரு சதமும் கட்டவில்லை. அந்த வருஷம் முடிய முன்பே மனேச்சர் மாற்றம் எடுத்துக்கொண்டு கொழும்புக்குப் போனார்.

தொண்ணூற்றைந்தின் தொடக்கத்தில், சண்டை கொஞ்சம் ஓய்ந்திருந்த நேரம், பயிற்சி வகுப்பு ஒன்றுக்காக நானும் கொழும்புக்குப் போனேன். கூட வேலை செய்தவர்கள் முகவரி தந்து, மனேச்சரைப் பார்க்காமல் வராதே என்றார்கள். வெள்ளவத்தையில் கடலைப் பார்த்த தொடர்மாடியில் மூன்றாம் மாடி. சலவைக்கல் தரை. கதவு திறந்தவுடன் சாம்பிராணி மணம். ஒவ்வோர் அறையாகக் கூட்டிக்கொண்டு போய்க் காட்டினார். உடுவில் வீட்டை வெளிநாட்டில் உள்ள ஒருவருக்கு நல்ல விலைக்கு விற்றதாகச் சொன்னார்.

"மயிலிட்டிச் சம்மாட்டியார் போன மாரியிலை காலமாகிப்போனார், ஐயா," என்றேன். "தொய்வு. மூச்செடுக்க ஏலாமல் போச்சு. மருந்து கிடைக்கேல்லை."

"எந்தச் சம்மாட்டி?"

சொன்னேன். நெற்றியைச் சுருக்கி யோசித்தார். உண்மையாகவே அவருக்கு ஞாபகம் வரவில்லை. அவர் நடிக்கவில்லை, நடித்திருந்தால் கொஞ்சமாவது மதித்திருப்பேன். பேச்சை மாற்றுவதற்காக, இந்த வீட்டுக்கும் வங்கியில்தான் கடன் எடுத்தீர்களா என்று கேட்டேன். வாய்விட்டுச் சிரித்தார்.

"கடனோ? முழுக்காசும் ஒரே தரத்திலை எண்ணிக் குடுத்துத்தான் வாங்கினனான். இருபது வருஷம் வட்டி கட்ட எனக்கென்ன விசரே?"

அவருடைய மனைவி பலகாரத் தட்டைக் கொண்டுவந்து வைத்தார். நான் எழுந்தேன். பஸ் போய்விடும் என்று ஒரு பொய் சொல்லிவிட்டு இறங்கினேன். அவரைத் திட்டவேண்டும் என்றுகூடத் தோன்றவில்லை. திட்டுவதற்கு அங்கே ஒரு ஆள் இருக்கவேண்டுமே.

ஊர் திரும்பியதும் தோட்டத்து மூலைக் கொட்டிலுக்குப் போனேன். அக்கா வெங்காயம் பிரித்துக்கொண்டிருந்தார். மனேச்சர் சொன்னதைச் சொல்லி, என்னோடு சேர்ந்து அவரும் வெறுக்கவேண்டும் என்று எதிர்பார்த்தேன். சொன்னேன். அந்தச் சூட்டிலேயே இருபதாயிரத்தின் கதையையும் சொன்னேன்: அன்று கட்டியிருந்தால் ஒன்பது வருஷம் குறைந்திருக்கும் என்பதையும், அது எனக்கு அன்றைக்கே தெரியும் என்பதையும்.

அக்காவின் கை நின்றது. பிறகு என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"அவருக்கு விசரில்லை எண்டு எனக்கு எப்பவோ தெரியும், தம்பி. அவர் தன்ரை வேலையைச் செய்தவர். பக்கத்திலை இருந்த உனக்கு வாய் இருந்ததுதானே?"

திரும்பவும் வெங்காயத்தில் குனிந்துவிட்டார். போ என்றும் சொல்லவில்லை, இரு என்றும் சொல்லவில்லை. கொஞ்ச நேரம் நின்றுவிட்டுச் சைக்கிளை எடுத்தேன். அந்த வருஷ ஐப்பசிக் கடைசியில் இராணுவம் நெருங்க, எங்கள் வலிகாமப் பகுதி முழுவதும் மழைக்குள் தென்மராட்சிக்கு நடந்தது. அந்தச் சனத்துக்குள் அவரைத் தேடினேன். காணவில்லை. பிறகும் காணவில்லை.

இப்போது வங்கிகளின் வாசலில் பெரிய படங்கள் தொங்குகின்றன. புது வீட்டுக்கு முன்னால் அப்பா, அம்மா, இரண்டு பிள்ளைகள் சிரிக்கிறார்கள். பக்கத்தில் மாதக் காசு முழ உயர எழுத்தில். மற்ற எண்களைக் காண மூக்குக்கண்ணாடி வேண்டும். நான் அந்த வங்கியின் பென்சன்காரன். ஒருவரைப் பற்றி இவ்வளவு இளக்காரமாக எழுத உனக்கென்ன தகுதி என்று யாராவது கேட்கலாம். அவருக்குப் பக்கத்து மேசையில் இருந்து ஏழு வருஷம் சம்பளம் வாங்கியவன் என்ற தகுதிதான்.