இடம், வலம்

ஓல்டனில் நடந்த கடைசி ஆட்டத்துக்கு எங்கள் பெண்கள் கூடைப்பந்து அணியின் பத்துப் பேரும் வந்திருந்தார்கள். பயிற்சியாளர் மட்டும் காய்ச்சலில் வரவில்லை. அதனால் அணியை நடத்தும் பொறுப்பு எங்கள் அணியின் மூத்த செர்பிய வீராங்கனையிடம் வந்தது. வயது முப்பத்தாறு, சுவிஸ் அவர் விளையாடும் ஒன்பதாவது நாடு. வென்றால் இன்னொரு வருட ஒப்பந்தம் என்று கழகம் சொல்லியிருந்தது.

நான் பிசியோதெரபி மாணவன். அவர் மணிக்கட்டில் டேப் சுற்றுவது என் வேலை. எந்த நாட்டுக்குப் போனாலும் அந்த ஊர்ச் சொல் இரண்டை டேப்பில் எழுதிக்கொள்வார். அன்று பேனாவை என்னிடம் நீட்டினார்.

“எதிரணியில் பாதிப் பேருக்கு செர்பியன் விளங்கும், ஜெர்மன் எல்லோருக்கும் விளங்கும். உன் மொழியில் இடது, வலது எப்படி?”

“இடம், வலம்” என்று பெருமையோடு எழுதிக் கொடுத்தேன். எங்கள் பெண்களும் அதைப் பாடமாக்கினார்கள்.

முதல் பாதியில் அவர் “இடம்!” என்று கத்தும்போதெல்லாம் எதிரணி தடுமாறியது. இடைவேளைக்குப் பிறகு அவர்கள் ஒரு சுருட்டைமுடிப் பிள்ளையை இறக்கினார்கள். நாங்கள் போகும் பக்கத்துக்கு அவள் முன்னமே போய் நின்றாள். கடைசி நொடியில் பந்தைப் பறித்துக் கூடையில் போட்டுவிட்டு என் பக்கம் திரும்பினாள்.

“அண்ணை, இடமெண்டு கத்தினா எனக்கு விளங்காதோ?”

நான் கூனிக்குறுகி அதை மொழிபெயர்த்தேன். வீராங்கனை வாய்விட்டுச் சிரித்தார்.

“உங்கள் ஆட்களும் எல்லா ஊரிலும் இருக்கிறார்களா?”

“ஓம்.”

“எங்களைப் போலத்தான்.”

டேப்பை உரித்தவர் அதை எறியவில்லை. மடித்துப் பைக்குள் வைத்தார். ஏன் என்று இன்றும் எனக்குத் தெரியாது. அந்த இரண்டு சொல்லால் எங்களுக்குப் போனது இரண்டு புள்ளி. அவருக்கு ஒரு வருடம்.